டீத் தண்ணியில் முக்கியெடுத்த வெள்ளைச் சட்டைகள்

போன வாரம் பரணைச் சுத்தம் செய்தபோது என் பழைய தகரப் பெட்டி கீழே இறங்கியது. திறந்தால் முழுக்கச் சட்டைகள். எண்ணிப் பார்த்தேன், 17 இருந்தன. எல்லாமே வெள்ளையாக வாங்கியவை. இப்போது ஒன்றுகூட வெள்ளை இல்லை. "பழைய துணிக்குப் பாத்திரம் குடுக்குறவர் வெள்ளிக்கிழமை வருவார். போட்டுடவா?" என்று மனைவி கேட்டாள். வேண்டாம் என்றேன். ஏன் என்றாள். நின்றபடியே சொல்ல ஆரம்பித்தேன், சொல்லி முடிப்பதற்குள் அடுப்பில் வைத்த பால் பொங்கிவிட்டது. மிச்சத்தை இங்கே எழுதுகிறேன்.

முதலில் அந்த நிறம். கேமராவுக்குப் பளிச்சென்ற வெள்ளை ஆகாது. விளக்கு பட்டதும் சட்டை மட்டும் எரியும், முகம் இருண்டு போகும். கேமராமேன் உடனே "வைட் அடிக்குது" என்று கத்துவார். பெரிய நடிகர்களுக்கு இதையெல்லாம் காஸ்ட்யூமர் பார்த்துக்கொள்வார். என்னைப் போன்ற கேரக்டர் ஆர்ட்டிஸ்டுகள், அதுவும் சீரியலில், சட்டை வேட்டியை நாங்களேதான் பையில் தூக்கிக்கொண்டு போக வேண்டும். அதனால் வடபழனி அறையில் நானே டீத் தண்ணீர் வைப்பேன். அரை வாளித் தண்ணீர் கொதித்ததும் ரெண்டு கை டீத்தூள், ஒரு கை கல்லுப்பு. வடிகட்டி, இளஞ்சூட்டில் சட்டையை முக்கி, கையால் புரட்டிக்கொண்டே இருக்க வேண்டும். புரட்டாமல் விட்டால் திட்டுத் திட்டாகப் பிடித்துக்கொள்ளும். பத்து நிமிஷம் போதும், அதற்கு மேல் விட்டால் காக்கி மாதிரி ஆகிவிடும். நிழலில்தான் உலர்த்த வேண்டும். இப்படிச் செய்த சட்டை நேரில் பார்த்தால் அழுக்காகத் தெரியும். டிவியில் பார்த்தால் வெளுத்த வெள்ளை.

இன்னொரு கறையும் உண்டு. காலரின் உள்பக்கம் மேக்கப் பட்டுப் பட்டுக் காவி நிறத்தில் ஒரு பட்டை ஏறியிருக்கும். எந்த சோப்புக்கும் போகாது. மூன்று சட்டைகளில் ஊக்கு குத்திய சீட்டுகூட அப்படியே இருக்கிறது. "சீன் 14, 15, 22" என்று, எந்த சீனுக்கு எந்தச் சட்டை என்ற கண்டினியூட்டிக்காக உதவி இயக்குநர் எழுதிக் குத்தியது. எந்த சீரியல் என்பது மறந்துபோனாலும் அந்த மூன்று சீனில் நான் யாருக்கு அப்பாவாக இருந்தேன் என்பது ஞாபகம் இருக்கிறது.

38 வருஷம் நடித்திருக்கிறேன். சினிமா, டிவி ரெண்டிலும். அப்பா, பெரியப்பா, மாமனார், தலைமையாசிரியர், கோவில் தர்மகர்த்தா, கணக்குப்பிள்ளை, இறந்துபோகிற தாத்தா. பெண் பார்க்க வருகிற கூட்டத்தில் நடுவில் உட்கார்ந்து "எங்களுக்குப் பரிபூரண சம்மதம்" என்று சொல்கிறவர் நான்தான்.

ஊர் பள்ளத்தூர். காரைக்குடிக்குப் பக்கம், கானாடுகாத்தானுக்கு அடுத்தது. எங்கள் ஊரில் பிறந்த யாரும் நடிப்பைப் பற்றிப் பேசும்போது ஆச்சியைச் சொல்லாமல் ஆரம்பிக்க முடியாது. மனோரமா பிறந்தது மன்னார்குடியில், 1937-ல். அப்பா கைவிட்டதும் அவருடைய அம்மா குழந்தையைத் தூக்கிக்கொண்டு பிழைக்க வந்த இடம் பள்ளத்தூர். அந்த அம்மா வீட்டு வேலை செய்து பிள்ளையை வளர்த்தார். ஆறாம் வகுப்போடு படிப்பு நின்றது. ஊருக்கு வந்த நாடகக் குழுவில் நடிகை ஒருத்தர் வராமல் போனபோது, நன்றாகப் பாடுகிற பிள்ளை என்று இவரை மேடையேற்றினார்கள். அப்போது அவருக்கு வயது பன்னிரண்டு. கோபிசாந்தா என்ற பெயர் மனோரமா ஆனது நாடகத்தில்தான். 1958-ல் முதல் படம். அதை எடுத்தவர் கண்ணதாசன், அவரும் எங்கள் பக்கத்துச் சிறுகூடல்பட்டிக்காரர். பிறகு ஆயிரம் படங்களைத் தாண்டினார், கின்னஸில் பெயர் வந்தது, துணை நடிகைக்கான தேசிய விருது வந்தது, பத்மஸ்ரீ வந்தது. இத்தனைக்கும் பிறகு தமிழ்நாடு முழுக்க அவரைக் கூப்பிட்டது எங்கள் பக்கத்துச் சொல்லால். செட்டிநாட்டில் பெரிய வீட்டுப் பெண்களைத்தான் ஆச்சி என்போம். வீட்டு வேலை செய்த அம்மாவின் மகளுக்கு அந்தச் சொல் பட்டமாகவே நிலைத்துவிட்டது. இதை நினைக்கிறபோதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும், ஏனென்றால் என் ஆத்தாவும் பெரிய வீட்டில் வேலை செய்தவள்.

ஆத்தா வேலை பார்த்த வீட்டில் அந்தக் காலத்திலேயே ஆள் குறைவு. செட்டியார் குடும்பம் முக்கால்வாசி நாள் மதராஸில்தான். ஆனால் கல்யாணம், சாந்தி (அறுபதாம் கல்யாணம்), படைப்பு (முன்னோருக்குப் படைப்பது) என்று வந்தால் வீடு திமிறும். வாசல் முகப்பிலிருந்து பின்பக்கத்து மூன்றாம் கட்டு வரைக்கும் பந்தி நடக்கும். அப்போது எனக்குத் தண்ணீர் கொடுக்கிற வேலை. எட்டு வயசு இருக்கும். ஆத்தா ஒரே ஒரு விஷயம்தான் சொல்லிக் கொடுத்தாள். "கூப்பிடு தூரத்துல நில்லு. கண்ணுல படாத. அவுக பேசுறதைக் கேட்டுக்கிட்டே இரு. தாகமா இருக்குன்னு அவுக சொல்றதுக்கு முன்னாடி செம்பு அங்க இருக்கணும்." நடு முற்றத்தைச் சுற்றிய வளவில், தூணுக்குப் பின்னால் நின்று நான் கேட்டுக்கொண்டே இருப்பேன். சீர்வரிசைப் பேச்சு, பர்மாவில் விட்டுவந்த நிலத்தின் பேச்சு, பங்காளிச் சண்டை. யார் குரல் எப்போது வறளும் என்று எனக்குத் தெரியும். பெரியவர் ஒருத்தர் பேச்சை நிறுத்தி உதட்டை மடித்தார் என்றால் அடுத்த நொடி நான் செம்போடு நிற்பேன்.

அய்யாவுக்கும் சினிமாவுக்கும் ஒரு தொடர்பு உண்டு. ஏவி. மெய்யப்பச் செட்டியார் யுத்த காலத்துக்குப் பிறகு காரைக்குடிக்குப் பக்கத்தில் தேவகோட்டை ரஸ்தாவில் கீற்றுக் கொட்டகைகள் போட்டு ஸ்டூடியோ நடத்தினார். 1947-ல் வந்த 'நாம் இருவர்' அங்கே எடுத்த படம்தான். 1948-ல் எல்லாவற்றையும் கோடம்பாக்கத்துக்கு மாற்றிக்கொண்டார். அந்தக் கொட்டகைக்குக் கீற்று சுமந்த ஆட்களில் அய்யாவும் ஒருத்தர். நடித்தவர்கள் யாரையும் கிட்டத்தில் பார்த்ததில்லை என்பார். ஆனால் ஒரு விஷயத்தைச் சாகிற வரைக்கும் சொல்லிக்கொண்டிருந்தார். படம் வந்து பார்த்தபோது அதில் வயதானவராக வந்தவரை நிஜமான கிழவர் என்றே நினைத்தாராம். பிறகுதான் அது வி.கே.ராமசாமி என்றும், அப்போது அவருக்கு வயது 21 என்றும் தெரிந்ததாம். வி.கே.ஆருக்கு அதுதான் முதல் படம். அங்கே ஆரம்பித்து ஐம்பது வருஷத்துக்கு மேல் அப்பாவாகவும் மாமனாராகவும் முதலாளியாகவும் நடித்துவிட்டு 2002-ல் காலமானார். 21 வயசில் கிழவராகி, நிஜமாகவே கிழவராகும் வரைக்கும் அதே வேலையைச் சலிக்காமல் செய்த மனிதர் அவர்.

எனக்கு அது 29 வயசில் நடந்தது. அதற்கு முன்னால் நாடகத்தைச் சொல்லிவிடுகிறேன்.

17 வயசில் ஸ்பெஷல் நாடகத்தில் படுதா இழுக்கப் போனேன். எங்கள் பக்கத்துக் கோவில் திருவிழாக்களில் ராத்திரி பத்து மணிக்குத் தொடங்கி விடிய விடிய நடக்கும் சங்கரதாஸ் சுவாமிகள் நாடகங்கள். வள்ளி திருமணம், பவளக்கொடி, அரிச்சந்திரா. ஸ்பெஷல் நாடகத்துக்கு ஒத்திகை கிடையாது. ராஜபார்ட் மதுரையிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் புதுக்கோட்டையிலிருந்து வருவார், பபூன் வேறு ஊர். சாயங்காலம்தான் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்ப்பார்கள். ஆர்மோனியக்காரரிடம் சுருதி கேட்டுக்கொண்டு மேடை ஏறிவிடுவார்கள். வள்ளி திருமணத்தில் வள்ளிக்கும் நாரதருக்கும் ஒரு தர்க்கம் வரும். அது எழுதி வைத்த வசனத்தோடு நிற்காது. வள்ளி எதைக் கேட்பார் என்று நாரதருக்குத் தெரியாது. கேட்ட பிறகுதான் பதில். பதிலில் ஒரு கொக்கி போட்டால் எதிராளி அதைப் பிடித்துக்கொண்டு வேறு பக்கம் போவார். ஒரு மணி நேரம், ஒன்றரை மணி நேரம் போகும். தூங்கிக்கொண்டிருந்த சனம் எழுந்து உட்காரும்.

நான் நாரதர் வேஷம் கட்ட நாலு வருஷம் ஆனது. முதல் ராத்திரி, என் பதிலை மனசுக்குள் தயார் செய்துகொண்டே நின்றதில் வள்ளி கேட்ட கேள்வி காதில் விழவே இல்லை. நான் சொன்ன பதிலுக்கும் கேள்விக்கும் சம்பந்தமில்லை. மேடையில் அந்த அம்மா என்னைக் காட்டிக் கொடுக்கவில்லை. "சுவாமி வெகுதூரம் நடந்து வந்த களைப்பில் இருக்கிறார், மறுபடி கேட்கிறேன்" என்று வசனத்தோடு வசனமாகச் சொல்லி இன்னொரு முறை கேட்டார். விடிந்த பிறகு, முகத்து அரிதாரத்தைத் தேங்காய் எண்ணெய் போட்டுத் துடைத்துக்கொண்டே, "தம்பி, உன் பேச்சு எங்கயும் போகாது, வாய்லதான் இருக்கு. என் பேச்சை நீ விட்டா போச்சு" என்றார். அன்றைக்கு அவர் சொன்னதைத்தான் ஆத்தா தூணுக்குப் பின்னால் நிற்க வைத்து ஏற்கெனவே சொல்லியிருந்தாள் என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை. ரொம்ப வருஷம் கழித்துத்தான் உறைத்தது.

1981-ல் மதராஸ் போனேன். முதல் மூன்று வருஷம் கூட்டத்தில் ஒருத்தன். பிறகு ஒரு வரி, ரெண்டு வரி. தூர்தர்ஷனில் செவ்வாய்க்கிழமை நாடகங்கள் ஒளிபரப்பான காலம் அது. அதில் மூன்று முறை நடித்தேன். அங்கேதான் சினிமா ஆள் ஒருவர் பார்த்து, கதாநாயகனுக்கு அப்பாவாகக் கூப்பிட்டார். எனக்கு 29, கதாநாயகனுக்கு 34. காதோரம் வெள்ளை அடித்து, கண்ணுக்குக் கீழே கோடு போட்டு, கையில் தடி கொடுத்து உட்கார வைத்தார்கள். அன்றைக்கு ராத்திரி அறைக்கு வந்து முகம் கழுவாமல் கண்ணாடியில் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். அய்யா மாதிரியே இருந்தேன். வி.கே.ஆரை நினைத்துக்கொண்டேன். ஒருமுறை அப்பா ஆகிவிட்டால் பிறகு யாரும் அண்ணன் வேஷத்துக்குக் கூப்பிட மாட்டார்கள் என்று நண்பர்கள் பயமுறுத்தினார்கள். அது நிஜமாகத்தான் நடந்தது. ஆனால் வேலை இல்லாமல் இருந்ததில்லை.

அந்த முதல் படத்தில் குரல் என்னுடையது இல்லை. டப்பிங்குக்கு வேறு ஒருவரைப் பேச வைத்துவிட்டார்கள், எனக்குச் சொல்லவும் இல்லை. தியேட்டரில் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். என் வாய் அசைகிறது, வேறு யாரோ பேசுகிறார். பக்கத்தில் ஊரிலிருந்து வந்த மச்சான் உட்கார்ந்திருந்தான். "குரலு மாறியிருக்கே" என்றான். சளி பிடித்திருந்தது என்று சொன்னேன். சரி, அது போகட்டும்.

1993 ஏப்ரலில் சன் டிவி வந்தது. நாலைந்து வருஷத்தில் தினசரித் தொடர்கள் பெருகின. எங்களைப் போன்றவர்களுக்கு உயிர் வந்தது. சினிமாவில் மாதத்துக்கு நாலு நாள் வேலை இருந்தால் பெரிது. சீரியலில் ஒரு குடும்பத்துக்கு அப்பாவாகப் போய்விட்டால் மாதம் பத்து நாள், காலை ஒன்பது முதல் ராத்திரி ஒன்பது. என் மகளை இன்ஜினியரிங் படிக்க வைத்தது அந்தப் பத்து நாள்தான். இன்றைக்குச் சீரியலைப் பற்றி யாராவது கேவலமாகப் பேசினால் எனக்குக் கோபம் வரும். எத்தனை குடும்பங்களில் அடுப்பு எரிந்தது என்று எனக்குத் தெரியும். லைட்மேன், மேக்கப்மேன், புரொடக்‌ஷனில் டீ கொடுக்கிற பையன், எல்லார் வீட்டிலும்.

ஆனால் வேலை வேறு மாதிரி. வசனத்தை முன்னாலேயே கையில் கொடுக்க நேரம் இருக்காது. உதவி இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நின்று ஒவ்வொரு வரியாகப் படிப்பார், நாங்கள் அதைக் கேட்டுச் சொல்வோம். ப்ராம்ப்டிங் என்பார்கள். அதுகூடப் பழகிவிட்டது. பழகக் கஷ்டமாக இருந்தது ரியாக்‌ஷன்தான். மகள் அழுதுகொண்டு பேசுகிற சீனை எடுத்து முடித்து அந்தப் பெண்ணை அடுத்த தளத்துக்கு அனுப்பிவிடுவார்கள். பிறகு என்னை மட்டும் நிற்க வைப்பார்கள். எதிரில் ஒரு லைட் ஸ்டாண்ட். "சார், ஸ்டாண்டுல அந்த டேப் ஒட்டியிருக்குல்ல, அதுதான் பொண்ணு. முதல்ல அதிர்ச்சி, அப்புறம் கோபம், அப்புறம் கண் கலங்கணும். ஒண்ணு, ரெண்டு, மூணு." சேர்த்து வாங்கி வைத்துக்கொள்வார்கள், வெட்டி ஒட்டிக்கொள்ள வசதி.

முதல் ரெண்டு மாதம் அப்படியே செய்தேன். அதிர்ச்சி, கோபம், கண்ணீர். வீட்டில் உட்கார்ந்து பார்த்தபோது வெட்கமாக இருந்தது. அந்த அப்பா யார் பேச்சையும் கேட்கவில்லை, முகத்தை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தார். மறுநாள் உதவி இயக்குநரிடம் ஒரு உதவி கேட்டேன். அந்தப் பொண்ணின் வசனத்தை எனக்காக ஒருமுறை படிக்கச் சொன்னேன். பையனுக்கு 22 வயசு இருக்கும், ராத்திரி பூராவும் தூங்காமல் எழுதிக் கொடுத்தவன். ஒரே சுருதியில், மளிகை லிஸ்ட் வாசிப்பது போல வாசித்தான். "அப்பா என்ன மன்னிச்சிருங்கப்பா நான் உங்கள ஏமாத்திட்டேன்பா." அவன் வாசித்ததை நான் கேட்டேன். குரலில் ஏற்ற இறக்கம் இல்லாததால் சொல் மட்டும் தனியாக வந்து விழுந்தது. மூன்றாவது வரியில் என்னை அறியாமல் கை வேட்டி நுனியைப் பிடித்தது. டைரக்டர் "ஓகே" என்றார். அதற்கப்புறம் ஒவ்வொரு ரியாக்‌ஷனுக்கும் எதிராளி வசனத்தைப் படிக்கச் சொல்லிக் கேட்டுத்தான் நின்றேன். நேரமாகிறது என்று மேனேஜர்கள் முணுமுணுத்ததுண்டு. நான் விட்டுக்கொடுத்ததில்லை. 38 வருஷத்தில் நான் பிடித்த பிடிவாதம் அது ஒன்றுதான்.

'தில்லானா மோகனாம்பாள்' வந்தபோது எனக்குப் பதினோரு வயது, காரைக்குடிக்குப் போய்ப் பார்த்தேன். பிற்பாடு எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை. ஜில்ஜில் ரமாமணியாக ஆச்சி வருகிற இடங்களில் எல்லாரும் அவர் பேச்சைத்தான் ரசிப்பார்கள். ஒருமுறை அவர் பேசாதபோது என்ன செய்கிறார் என்று மட்டும் பாருங்கள். சிவாஜி ஒரு சொல் சொன்னால் அது அவர் கண்ணில் விழுந்து, முகத்தில் பரவி, பிறகுதான் வாய்க்கு வரும். அடுத்த வசனம் தனக்குத் தெரியும் என்கிற சாயலே இருக்காது. முதல் தடவையாகக் கேட்கிற முகம். எத்தனை ஒத்திகை பார்த்திருப்பார்கள், எத்தனை டேக் போயிருக்கும்! 2015 அக்டோபர் 10-ல் ஆச்சி போய்விட்டார் என்று செய்தி வந்தபோது நான் ஒரு படப்பிடிப்பில் இருந்தேன். மேக்கப்போடு வெளியே வந்து கொஞ்ச நேரம் வேப்பமரத்தடியில் நின்றேன். எங்கள் ஊரில் அன்றைக்கு எந்தக் கடையில் பேசினாலும் அதே பேச்சு என்று தம்பி போனில் சொன்னான்.

பெட்டியில் சட்டைகளுக்கு அடியில் ஒரு போட்டோவும் இருந்தது. கண்ணாடிச் சட்டம் போட்டது, 2004-ல் எடுத்தது. அதைப் பற்றியும் சொல்ல வேண்டும்.

ஒரு சீரியலில் 200 எபிசோடுக்கு மேல் அப்பாவாக இருந்தேன். ஒருநாள் ஆர்ட் டிபார்ட்மென்ட் பையன் வந்து, "சார், உங்க பாஸ்போர்ட் சைஸ் போட்டோ ஒண்ணு வேணும், பெரிசு பண்ணித் தர்றோம்" என்றான். ஏதோ வாழ்த்துச் செய்தி போலிருக்கிறது என்று கொடுத்தேன். அடுத்த வாரம் எனக்கு கால்ஷீட் வரவில்லை. பாக்கிச் சம்பளம் கேட்கலாம் என்று தளத்துக்குப் போனேன். ஹாலில் சுவரில் என் படம், மாலை போட்டு, பொட்டு வைத்து, எதிரில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. என் மனைவியாக நடித்த அம்மா வெள்ளைச் சேலையில் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டார். "அண்ணே, உங்களுக்குச் சொல்லலையா?" என்றார். அவருக்குத்தான் கண் கலங்கியது. கதையை மாற்றிவிட்டார்களாம், மாரடைப்பாம். பாக்கிச் சம்பளத்துக்குக் கொடுத்த செக் திரும்பி வந்தது, கடைசிவரை அந்தப் பணம் வரவில்லை.

அதைவிடப் பெரிய வேதனை வேறு. ஆத்தாவுக்குச் சொல்ல மறந்துவிட்டேன். பக்கத்து வீட்டில் டிவி பார்க்கிறவள். மகன் முகம் தினமும் ஏழரை மணிக்கு வரும் என்று காத்திருக்கிறவள். அன்றைக்கு மாலையோடு என் படம் வந்திருக்கிறது. பக்கத்து வீட்டுப் பிள்ளையை விட்டு என் நம்பரைப் போடச் சொல்லியிருக்கிறாள். நான் எடுத்து "ஆத்தா" என்றேன். அந்தப் பக்கம் சத்தமே இல்லை. ரொம்ப நேரம் கழித்து, "சாப்பிட்டியா?" என்றாள். சாப்பிட்டேன் என்றேன். "சரி" என்று வைத்துவிட்டாள். அடுத்த முறை ஊருக்குப் போனபோது வாசலிலேயே நிறுத்தி உப்பும் மிளகாயும் சுற்றி அடுப்பில் போட்டாள். நெடியே வரவில்லை. "பாத்தியா, எவ்வளவு கண்ணு" என்றாள். ஆர்ட் பையன் ஞாபகத்துக்காக எனக்குக் கொடுத்த அந்தப் படத்தை வீட்டுக்குள் விடவே இல்லை. பொட்டைத் துடைத்துவிட்டேன் என்று சொல்லியும் கேட்கவில்லை. அது மாட்டுக் கொட்டிலில் இருந்து, பிறகு எப்படியோ இந்தப் பெட்டிக்கு வந்திருக்கிறது.

2009-ல் ஒரு படத்துக்கு எங்கள் பக்கமே படப்பிடிப்பு வைத்தார்கள். கதாநாயகனின் பெரியப்பா நான். லொக்கேஷன் என்று காரில் கூட்டிப்போய் இறக்கிய இடம், ஆத்தா வேலை பார்த்த அதே வீடு.

குடும்பத்தில் யாரும் அங்கே இல்லை, காவல்காரர் மட்டும். தரையில் பதித்த ஆத்தங்குடிக் கல் உடையாமல் இருக்க டிராலி தண்டவாளத்துக்கு அடியில் சமுக்காளம் விரித்திருந்தார்கள். வளவில் அதே வெயில், முற்றத்து மூலையில் மழைத் தண்ணீர் பிடிக்கிற அதே கிடாரம். முகப்புத் திண்ணையில், தேக்குத் தூண் ஓரமாக, திண்டு போட்டு என்னை உட்காரச் சொன்னார்கள். சின்ன வயசில் அந்தத் திண்ணையைத் துடைத்திருக்கிறேன், ஒருநாளும் உட்கார்ந்ததில்லை. உட்கார்ந்தேன். முதுகு வளையவில்லை. டைரக்டர் சின்னப் பையன், மரியாதையாகச் சொன்னார். "சார், இது உங்க வீடு. நல்லா சாஞ்சு உக்காருங்க." ரெண்டு டேக் போயிற்று. ரெண்டிலும் நான் நுனியில்தான் உட்கார்ந்திருந்தேன்.

ஆத்தாவைப் பார்க்க வரச்சொல்லித் தம்பியிடம் சொல்லியிருந்தேன். அவளுக்கு நாற்காலி போட்டு வைக்கச் சொல்லி மேனேஜரிடமும் கேட்டிருந்தேன். நாற்காலி காலியாகவே இருந்தது. மூன்றாவது டேக்குக்கு விளக்கைச் சரி செய்துகொண்டிருந்தபோது உள்ளே பார்த்தேன். வளவைத் தாண்டி, இரண்டாம் கட்டு நிலைக்குப் பின்னால், சேலை ஓரம் மட்டும் தெரிந்தது. பெரியவர்கள் கூப்பிட்டால் காதில் விழுகிற இடம். பார்த்தால் கண்ணில் படாத இடம். எழுபது வயசுக்கு மேல் அங்கேதான் நின்றுகொண்டிருந்தாள்.

சீன் இதுதான். தம்பியாக நடிப்பவரோடு நான் சத்தமாகச் சண்டை போட வேண்டும். நடுவில் வேலைக்காரப் பையன் தண்ணீர் கொண்டுவந்து நிற்பான், அவனைக் கவனிக்காமல் செம்பை வாங்கிக் குடித்துவிட்டுத் தொடர வேண்டும். பையன் கோட்டையூர்க்காரன், உள்ளூர் ஏஜென்ட் அன்றைக்கு ஒரு நாளுக்குக் கூட்டி வந்தது. டேக் ஆரம்பித்தது. எப்படியோ சாய்ந்து உட்கார்ந்துவிட்டேன். கத்தினேன். என் குரல் வறண்ட இடத்தில், சரியாக அந்த நொடியில், பையன் செம்பை நீட்டினான். வாங்கும்போது அவன் முகத்தைப் பார்த்தேன். பார்க்கச் சொல்லவில்லை, ஸ்கிரிப்டிலும் இல்லை. அவனும் என்னைப் பார்த்தான், பயந்துபோய்ச் சட்டென்று கண்ணைத் தாழ்த்திக்கொண்டான். நான் தண்ணீரைக் குடித்து, செம்பை அவன் கையிலேயே மெதுவாக வைத்துவிட்டு, மறுபடி சண்டையைத் தொடர்ந்தேன். டைரக்டர் கட் சொல்ல மறந்து நின்றார். படத்தில் அது இருக்கிறது. ரெண்டு வினாடி வரும்.

பிரேக் விட்டதும் உள்ளே போனேன். ஆத்தா அப்போதும் நிலையைப் பிடித்துக்கொண்டுதான் நின்றாள். எப்படி இருந்தது என்று கேட்டேன்.

"நல்லாத்தான் சத்தம் போட்ட" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "ஆனா பெரியவுகளுக்குப் பித்தளைச் செம்புல தண்ணி குடுக்க மாட்டாக அப்பு. வெள்ளிச் செம்புதான். அவுககிட்ட சொல்லு" என்றாள்.

ஆர்ட் டைரக்டரிடம் போய்ச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை, நோட்டில் எழுதிக்கொண்டார். மத்தியானத்துக்கு மேல் எடுத்த சீன்களில் வெள்ளிச் செம்பு வந்தது. அதனால் படத்தில் பாதியில் பித்தளை, பாதியில் வெள்ளி. ஆத்தா போய்ப் பத்து வருஷம் ஆகிறது. அந்தப் படம் டிவியில் வரும்போதெல்லாம் நான் செம்பைத்தான் பார்த்துக்கொண்டிருப்பேன்.

இப்போது ஊரோடு வந்துவிட்டேன். முட்டி வலி, சென்னை வெயில் ரெண்டும் ஆகவில்லை. இந்தப் பக்கம் படப்பிடிப்பு வந்தால் மட்டும் கூப்பிடுகிறார்கள், போய்விட்டு வருகிறேன். இதை எழுதிக்கொண்டிருக்கும்போதுகூட நேற்று ஒரு போன் வந்தது. கானாடுகாத்தானில் ரெண்டு நாள். கல்யாணப் பொண்ணுக்குத் தாத்தா. "வெள்ளைச் சட்டை ரெண்டு கொண்டு வந்துருங்கய்யா" என்றார் மேனேஜர். மனைவி கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். பாத்திரக்காரர் பேச்சை எடுக்கவில்லை. பெட்டியிலிருந்து காலர் நைந்து போகாத ரெண்டைத் தானே எடுத்து உதறி, வெளுப்பு ஏறியிருக்கிறது என்று சொல்லி டீத்தூள் டப்பாவைத் தேட ஆரம்பித்தாள்.

சீன் பேப்பரை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார்கள். மொத்தம் ஒன்பது வசனம். எனக்கு மூன்று, பொண்ணுக்கு ஆறு. என்னுடையதைப் படித்துவிட்டேன், சின்னச் சின்ன வரிகள். காலையில் ஊருணிக் கரையில் நடக்கும்போது அந்தப் பொண்ணின் ஆறு வரியைச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.